சிங்காரத்தோப்புச் சிறையைத் தாங்கல் சுவரில் எப்படி எழுதுவது?

தெற்குவாசல்

அய்யா உண்டு. ராதாபுரம் வட்டத்தில் எங்கள் ஊர் நிழல் தாங்கலை, அதாவது அய்யாவழி வழிபாட்டு இடத்தை, பிரித்துவிட்டுப் புதிதாகக் கட்டிக்கொண்டிருக்கிறோம். ஓட்டுக்கூரை போய் கான்கிரீட் வந்துவிட்டது. பள்ளியறை (கருவறை போன்ற உள்ளறை) வேலை முடிந்து விளக்கும் கண்ணாடியும் வைத்தாயிற்று. இப்போது தகராறு எல்லாம் முன்மண்டபத்துச் சுவரைப் பற்றித்தான்.

அய்யாவழியைத் தொடங்கிய அய்யா வைகுண்டரை 1838இல் திருவிதாங்கூர் அரசு பிடித்துக்கொண்டுபோய் திருவனந்தபுரம் சிங்காரத்தோப்பில் அடைத்ததை அந்தச் சுவரில் வைக்க வேண்டும் என்பதில் எல்லோருக்கும் சம்மதம். எப்படி வைப்பது என்பதில்தான் ஒத்துவரவில்லை. தலைக்கட்டு வரி கொடுக்கிறவர்களில் பாதிப்பேர் புலிக்கூண்டு, நீற்றறை (சுண்ணாம்புச் சூளை), மிளகாய்ப் புகை என்று வரிசையாகச் சுதைச் சிற்பம் கேட்கிறார்கள். படித்த பையன்கள் கருங்கல்லில் வருடம் போட்டு எழுதச் சொல்கிறார்கள். வெளியூர்க்காரன் வந்து பார்த்தால் நம்ப வேண்டுமாம். ஏடு வாசிக்கிற பெரியவர் ஒருவர் இருக்கிறார். "வருசம் தவறாமல் வாசிக்கிறோமே, சுவருக்கு என்ன வேலை?" என்று கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டார்.

இன்னொரு விஷயம். பழைய கட்டடத்தைப் பிரிக்கும்போது மரப்பெட்டியில் இரண்டு ஓலைக்கட்டு கிடைத்தது. ஒன்று அகிலத்திரட்டு அம்மானை, அய்யாவின் கதை சொல்லும் எங்கள் புனித நூல். ஏடு வாசிப்பு என்பது இதை வாசிப்பதுதான். மற்றது எங்கள் இன்னொரு புனித நூலான அருள்நூலின் பாட்டுகள் போலத் தெரிகிறது. ஓரமெல்லாம் பூச்சி அரித்திருக்கிறது. மண்ணெண்ணெய் தடவினால் சரியாகும் என்கிறார்கள். தடவலாமா?

சுவடிப்பித்தன்

மண்ணெண்ணெயை முதலில் கண்ணுக்கு மறைவாக எடுத்து வையுங்கள் அண்ணாச்சி. சுவரை அப்புறம் பார்க்கலாம், ஓலை காத்திருக்காது.

கட்டை அவிழ்க்கும் முன் இருக்கிற நிலையிலேயே நாலு பக்கமும் போட்டோ எடுங்கள். பிறகு மெல்லிய தூரிகையால் தூசி மட்டும் தட்டுங்கள். விறைத்துப்போன ஓலையை வளைக்கக் கூடாது. செல்லோடேப், லேமினேஷன், ரப்பர் பேண்ட், பூச்சி மருந்து நான்கும் கிட்டே வரக் கூடாது. ஏடு முன்னும் பின்னுமாகக் கலைந்திருந்தாலும் உடனே அடுக்க வேண்டாம். கலைந்த வரிசையே சில நேரம் தகவல் தரும். ஒவ்வொரு ஓலைக்கும் இரண்டு பக்கமும், ஓரத்தில் எண் எழுதிய சீட்டும் ஒரு அளவுகோலும் வைத்து எடுங்கள். பிளாஷ் போடாமல், இடப்பக்கம் தாழ்வாக ஒரு விளக்கு வைத்தால் எழுத்தாணி கீறிய பள்ளத்தில் நிழல் விழும், மை போடாத ஓலையும் வாசிக்க வரும். எலுமிச்சம்புல் எண்ணெய் தடவுவது, விளக்குக்கரி பூசுவது எல்லாம் பழகினவர் கை செய்ய வேண்டிய வேலை. சென்னையில் அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் கேட்டால் வழி சொல்வார்கள்.

பெட்டியை விளக்குக்குப் பக்கத்தில் வைத்திருந்தீர்களா? எண்ணெய்ப்புகை படிந்த ஓலைகளைப் பதிகள் என்கிற பெரிய வழிபாட்டு இடங்களிலும் தாங்கல்களிலும் நிறைய பார்த்திருக்கிறேன். பள்ளியறையை விட்டு ஏடு வெளியே போகக் கூடாது என்று பெரியவர்கள் சொன்னால் சண்டை போடாதீர்கள். கேமராவை உள்ளே கொண்டுபோங்கள், தலைப்பாகை கட்டிக்கொண்டு.

ஒன்று மறக்காமல் பாருங்கள். கடைசி ஓலையில் யார், யாருக்காக, கொல்லம் (அன்றைய திருவிதாங்கூர் ஆண்டுக்கணக்கு) எந்த ஆண்டு, எந்த மாதம் எழுதி முடித்தார் என்று இருக்கலாம். அகிலத்திரட்டு அச்சுக்கு வந்தது 1939இல். அதுவரை ஏறக்குறைய நூறு வருடம் கையால்தான் படி எடுத்தார்கள். உங்கள் ஊர்க்காரர் ஒருவர் உட்கார்ந்து பதினையாயிரம் வரிக்கு மேல் கீறியிருக்கிறார் என்றால், சுவரில் எழுத வேண்டிய முதல் பெயர் அவருடையது.

மணக்காட்டான்

திருவனந்தபுரத்தில் இருக்கிறேன், பூர்வீகம் அகஸ்தீஸ்வரம் பக்கம். சிங்காரத்தோப்பு மணக்காடு பகுதியில்தான். இன்று அங்கே சிறையும் கிடையாது, தோப்பும் கிடையாது. வீடுகளுக்கு நடுவே ஒரு பதி இருக்கிறது, அவ்வளவுதான். பழைய சுவர், கம்பி, கல்வெட்டு என்று எதையாவது எதிர்பார்த்து வருகிறவர்கள் ஏமாந்து போவார்கள்.

ஆனால் மாசி 19 அன்று வந்து பாருங்கள். அய்யா விடுதலையாகி ஊர் திரும்பியதை நினைத்து இங்கிருந்து ஊர்வலம் புறப்படும். நெய்யாற்றின்கரை, பாறசாலை, மார்த்தாண்டம், தக்கலை வழியாக நாகர்கோவில். திருச்செந்தூரிலிருந்து இன்னொரு ஊர்வலம் அங்கே வந்து சேரும். மறுநாள், அய்யா கடலிலிருந்து வைகுண்டராக வந்த மாசி 20, எல்லோரும் அய்யாவின் ஊரான, தலைமைப்பதி இருக்கிற சாமிதோப்புக்கு நடக்கிறார்கள். கன்னியாகுமரி, நெல்லை, தூத்துக்குடி மாவட்டங்களுக்கு உள்ளூர் விடுமுறை. (அதற்கு ஈடாக ஒரு சனிக்கிழமை வேலைக்குப் போவது வேறு கதை.)

வேடிக்கை என்னவென்றால், அவரை அடைத்த ஊரிலேயே இன்று பிஎஸ்சி (கேரள அரசுப்பணி) தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகள் எல்லோருக்கும் அவர் பெயர் தெரியும். கேரள மறுமலர்ச்சிப் பாடத்தில் முதல் வரிசையில் வைகுண்ட சுவாமிகள், 1836, சமத்துவ சமாஜம். ஒரு மார்க் கேள்வி. சிறையைப் பற்றிக் கேட்டால் "சுவாதித் திருநாள் மகாராஜா காலம்" என்று பதிலும் சரியாகச் சொல்வார்கள். அந்தச் சிறை எங்கே இருந்தது என்று பக்கத்துத் தெருக்காரருக்கே தெரியாது.

கீர்த்தனைப்பிரியை

தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள், ஒரு சந்தேகம். சுவாதித் திருநாள் என்றால் எங்களுக்கு நவராத்திரி கிருதிகளும் பத்மநாபனும்தான். 1834இல் ஆங்கிலப் பள்ளி, 1837இல் வானியல் ஆய்வகம் என்று நிறைய செய்தவர். அப்படிப்பட்டவர் ஒரு மனிதரைப் புலிக்கு முன் நிறுத்தினார் என்பதற்கு அரசாங்க ஆவணம் ஏதாவது உண்டா? கருங்கல்லில் ஏற்றும் முன் கேட்டுக்கொள்வது நல்லது இல்லையா?

பனங்காட்டு நரி

வந்துவிட்டார்கள், ஆவணம் கேட்க. அடித்தவன் எழுதிவைத்த ரசீது இல்லையென்றால் அடியே விழவில்லை என்று ஆகிவிடுமா?

வள்ளியூர் வாத்தியார்

நரியாரே, கேள்வியை விரட்ட வேண்டாம். நாளைக்குச் சுவருக்கு முன்னால் நின்று எவனாவது கேட்கத்தான் போகிறான்.

எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். அகிலத்திரட்டை எழுதிய அரிகோபாலன் சீடர் அய்யாவின் ஐந்து சீடர்களில் ஒருவர், சகாதேவன் சீடர் என்று அழைக்கப்பட்டவர். சிறைமீண்டது 1839இல். அதற்கு இரண்டு மூன்று வருடத்துக்குள் அம்மானை எழுதப்பட்டுவிட்டது. அப்போது அய்யாவும் இருக்கிறார், அரசரும் இருக்கிறார். வாசிப்பைக் கேட்கிற கூட்டத்தில் அய்யாவைப் பிடித்துப் போனபோது சுசீந்திரம் வரை பின்னாலேயே அழுதுகொண்டு போனவர்கள் உட்கார்ந்திருப்பார்கள். கைது நடக்கவே இல்லை என்றால் அந்தக் கூட்டத்தில் அதை வாசிக்க முடியாது. புலி படுத்துவிட்டது, நீற்றறையில் சூடு ஏறவில்லை, பாலில் கலந்த நஞ்சு பலிக்கவில்லை என்பதெல்லாம் பக்தர்களுக்கு நடந்த அற்புதம், ஆராய்கிறவருக்குப் புராண மொழி. இரண்டுக்கும் அடியில் இருக்கிற சங்கதி ஒன்றுதான்: ஒரு பனையேறிச் சாதி மனிதரை ராஜ்யமே பயந்து பிடித்து அடைத்தது.

எதிர்த்தரப்புச் சாட்சியும் உண்டு. லண்டன் மிஷன் சொசைட்டிக்காரர்கள் அதே வட்டாரத்தில் வேலை செய்தவர்கள். சாமிதோப்புக்குப் பக்கத்தில் இருக்கிற மயிலாடியில் ரிங்கல்தௌபே முதல் தேவாலயத்தைக் கட்டியது 1809இல், அய்யா பிறந்ததும் அந்த வருடத்தை ஒட்டித்தான். 1840களில் அவர்கள் எழுதிய அறிக்கைகளில் அய்யா "முத்துக்குட்டி" என்று வருகிறார். அவர் பின்னால் கூட்டம் சேர்வதையும் அதனால் தங்கள் ஊழியம் தடைபடுவதையும் எரிச்சலோடு எழுதியிருக்கிறார்கள். புகழ வேண்டிய தேவை எதுவும் இல்லாதவன் எழுதினால் அதற்கு மதிப்பு அதிகம். அந்தக் காகிதங்கள் லண்டனில் சோவாஸ் (SOAS) கல்லூரி நூலகத்தில் இருக்கின்றன.

அரசு ஓலைகள் திருவனந்தபுரத்தில் உள்ளன. மதிலகம் ஆவணங்கள் (பத்மநாபசுவாமி கோயில் நிர்வாகச் சுவடிகள்) என்று மலைபோல் சுவடிக் குவியல். வட்டெழுத்து, கோலெழுத்து, மலையாண்மை என்று எழுத்தே பலவகை. 2022 கடைசியில் கோட்டைப் பகுதியில் ஓலைச்சுவடி அருங்காட்சியகம் கூடத் திறந்தார்கள். நம் பக்கத்துப் பிள்ளைகள் நாலு பேர் அந்த எழுத்துகளைப் படித்துக்கொண்டு போய் உட்கார வேண்டும். சுதைச் சிற்பத்துக்கு ஆகும் செலவில் ஒருவரை ஒரு வருடம் அனுப்பலாம்.

இன்னொன்று. அரசருக்கு அப்போது வயது 25. அய்யாவுக்கு 29 நடப்பு. படம் வரைகிறவர்கள் ஒருவரைக் கிழ ராட்சசனாகவும் இன்னொருவரை நரைத்த தாடிக்காரராகவும் போடுகிறார்கள். வரைந்தால் வயதையாவது சரியாகப் போடச் சொல்லுங்கள்.

கோட்டாற்று மருமகள்

வாத்தியார் சார் எழுதியதோடு ஒத்துப்போகிறேன், ஒரு இடம் தவிர. "பயந்து பிடித்து அடைத்தது" என்று முடித்துவிட்டீர்கள். ஏன் பயந்தார்கள் என்று சுவரில் வரவில்லையென்றால், புலியும் வராமல், காரணமும் வராமல், வெறும் தேதிதான் மிஞ்சும்.

சாணார் என்று ஒதுக்கப்பட்ட பனையேறிகள் தலையில் துணி கட்டக் கூடாது, குடை பிடிக்கக் கூடாது, செருப்புப் போடக் கூடாது. பெண்கள் இடுப்பில் குடம் வைத்துத் தண்ணீர் எடுக்கக் கூடாது, தோளில் சீலை போடக் கூடாது. ஆளுக்கு வரி, பனைக்கு வரி, தாலிக்கு வரி. கூலியில்லாத ஊழியம் வேறு. கிழக்கிந்தியக் கம்பெனியோடு போட்ட 1805 உடன்படிக்கைப்படி திருவிதாங்கூர் வருடத்துக்கு எட்டு லட்சம் ரூபாய் கட்ட வேண்டும். அந்த பாரம் கடைசியில் பனையேறியின் முதுகில்தான் இறங்கியது. அகிலத்தில் கலிநீசனான அரசனுக்குப் பக்கத்திலேயே வெண்ணீசனான வெள்ளைக்காரனும் வருவது சும்மா இல்லை.

அவர் பெயரையே பாருங்கள். பெற்றவர்கள் வைத்தது முடிசூடும் பெருமாள். கீழ்ச்சாதிப் பிள்ளைக்கு முடி ஒரு கேடா என்று மேலே இருந்தவர்கள் முறைத்ததால் முத்துக்குட்டி ஆனது. அந்த மனிதர் வளர்ந்து வந்து எல்லா ஆண்களையும் தலையில் துணி கட்டிக்கொண்டு வழிபடச் சொல்கிறார், நெற்றியில் நாமம் இடச் சொல்கிறார், எல்லாச் சாதிக்கும் ஒரே கிணறு, முத்திரிக் கிணறு, ஒரே பந்தி. வரி கட்டாதே, ஊழியம் செய்யாதே என்ற பேச்சும் பரவுகிறது. அரசருக்கு வேறென்ன காரணம் வேண்டும்?

தயவுசெய்து ஒன்றை மட்டும் கலக்காதீர்கள். எங்கள் ஊர்ச் சுவரொட்டிகளில் தோள்சீலை உரிமையை அய்யா வாங்கித் தந்தார் என்று ஒரே வரியில் போட்டுவிடுகிறார்கள். 1822இல் தொடங்கிய அந்தப் போராட்டத்தில் அடிவாங்கியது பெண்கள். 1829 பிப்ரவரியில் வந்த அரசு உத்தரவு அவர்களுக்கு எதிராகத்தான் வந்தது. உரிமை கொடுத்த பிரகடனம் 1859 ஜூலையில். அய்யா வைகுண்டம் போனது (மறைந்தது) 1851இல். அவர் தந்த தைரியம் அதில் இருக்கிறது, மறுக்கவில்லை. மிஷன் பள்ளிகளும் இருக்கின்றன. சந்தையில் சீலை கிழிக்கப்பட்டுத் திரும்பி வந்த கிழவிகளும் இருக்கிறார்கள். எல்லாவற்றையும் ஒரு ஆளின் கணக்கில் எழுதினால் அந்தக் கிழவிகளை இரண்டாவது தடவை துரத்தின மாதிரி.

பனங்காட்டு நரி

அக்கா சொன்னதில் தலைப்பாகைதான் எனக்கு முக்கியம். கோயிலில் சட்டையைக் கழற்றித் துண்டை இடுப்பில் கட்டிக் குனிகிறோம். தாங்கலில் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு போகிறோம். எதிரில் சாமி சிலையும் இல்லை, கண்ணாடியில் என் மூஞ்சிதான். விதி போட்டு ஒடுக்கினவனுக்கு இதைவிடப் பெரிய பதில் கல்வெட்டில் எழுத முடியுமா? அதனால் ஏடு வாசிக்கிற பெரியவர் கட்சிதான் நான்.

சுதைச் சிற்பத்துக்கும் இதே பதில்தான். அய்யா சிலை வேண்டாம் என்றார். நீங்கள் புலியைச் செய்து வைத்தால் ஆறு மாதத்தில் அதற்கு யாராவது மாலை போடுவார்கள், ஒரு வருடத்தில் எலுமிச்சம்பழம் வரும், அப்புறம் புலிக்கு ஒரு உண்டியல்.

மணக்காட்டான்

உண்டியல் கட்டாயம் வரும் 😄

அன்புக்கொடியான்

இவ்வளவு நேரம் வாசித்துக்கொண்டுதான் இருந்தேன். எல்லோரும் அய்யாவை அடிபட்ட தலைவராகவே பேசுகிறீர்கள். பத்தாம் வகுப்பு சமூக அறிவியல் பாடத்தில் சீர்திருத்தவாதி, கேரளத்தில் மறுமலர்ச்சி நாயகர், இங்கே சிறைக்கைதி. எங்கள் வீட்டில் அவர் நாராயணரின் அவதாரம். அகிலம் முழுவதையும் திருமால் லட்சுமிக்குச் சொல்கிற கதையாகத்தான் அரிகோபாலன் சீடர் எழுதியிருக்கிறார். அதில் சிறை ஒரு விபத்து அல்ல. கலியின் முறைகளை அதன் வீட்டுக்குள்ளேயே போய்ப் பார்க்கிற கட்டம். பிடிக்க வந்தபோது தடியெடுக்கத் தயாராக நின்ற மக்களை அடக்கியவர் அய்யாதான், பொறுத்திருக்கச் சொல்லிவிட்டு நடந்தார். சுசீந்திரத்தில் அரசர் மோதிரத்தைக் கைக்குள் மறைத்துக்கொண்டு என்ன இருக்கிறது என்று கேட்டபோது பதில் சொல்லாமல் நின்றார். சோதிக்கிறவன் முன்னால் வித்தை காட்ட வரவில்லை என்று நாங்கள் எடுத்துக்கொள்கிறோம்.

சுவரில் ரத்தமும் கண்ணீருமாக ஒரு மனிதரை வரைந்தால் எங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு அவர் பாவப்பட்டவராகத் தெரிவார். அது அகிலத்துக்கு மாறானது. இதை யோசித்துப் பாருங்கள்.

சுவடிப்பித்தன்

அன்புக்கொடியான் சொல்வது சுவருக்கு நல்ல அளவுகோல். இருநூறு வருடத்தில் அய்யாவை நினைவில் வைத்திருந்தது வரலாற்றுத்துறை இல்லை. கார்த்திகை மாதம் சாமிதோப்பில் பதினேழு நாள் ஏடு வாசிப்பு, ஒருவர் ராகமாக வாசிக்க இன்னொருவர் பொருள் சொல்வது, திருக்கல்யாண நாளில் கூட்டம் பிதுங்குவது, ஆவணி, தை, வைகாசித் திருவிழாக்கள், கலிவேட்டைக்குக் குதிரை வாகனம். இவற்றுக்குள்தான் அந்தச் சிறையும் பத்திரமாக இருந்தது. சீர்திருத்தவாதி என்று மட்டும் நினைத்திருந்தால் இந்நேரம் ஒரு சிலையும் ஒரு பேருந்து நிறுத்தமும் மிஞ்சியிருக்கும்.

அதற்காக ஓலையைப் பூச்சிக்கு விட்டுவிட முடியாது. வாசிப்பு நடப்பது அச்சுப் புத்தகத்தை வைத்து. அச்சுப் பதிப்புகளுக்குள்ளேயே வேறுபாடு உண்டு. சாமிதோப்பு ஏடு, பாஞ்சாலங்குறிச்சி ஏடு, கொட்டங்காடு ஏடு என்று வெவ்வேறு பிரதிகளைச் சொல்வார்கள். தெற்குவாசல் அண்ணாச்சியின் பெட்டியில் கிடப்பது எதோடு ஒத்துப்போகிறது என்பது சின்ன விஷயம் இல்லை. சிறைப் பகுதியில் ஒரு வரி கூடக் குறைய இருந்தாலும் அது பெரிய செய்தி.

தெற்குவாசல்

நன்றி எல்லோருக்கும். மண்ணெண்ணெய் பேச்சை நிறுத்தியாயிற்று. பெட்டி விளக்குக்குப் பக்கத்தில்தான் இருந்தது, மாற்றிவிட்டோம்.

சுவரைப் பற்றிப் பையன்களிடம் இதையெல்லாம் வாசித்துக் காட்டினேன். அவர்கள் ஒன்று கேட்கிறார்கள்: அரசர் பெயரை எழுதுவதா, வேண்டாமா? கமிட்டியில் சிலர், இன்று கேரளத்துக்காரரோடு நல்ல உறவு, எதற்கு வம்பு என்கிறார்கள்.

கோட்டாற்று மருமகள்

எழுதாதீர்கள். வம்புக்குப் பயந்து அல்ல. அகிலத்தில் அவருக்குப் பெயரே கிடையாது, கலிநீசன் என்று ஒரே சொல்லோடு கடந்துவிடுகிறார்கள். ராஜாவின் பெயரைச் சொன்னால் நாக்கு போகும் காலத்தில், பெயர் சொல்லத் தகுதியில்லாதவன் என்று ஒரு பனங்காட்டுக் கூட்டம் முடிவு செய்ததே, அதை நாம் ஏன் மாற்ற வேண்டும்? அவருக்குக் கச்சேரி மேடைகள் இருக்கின்றன, அங்கே இருக்கட்டும்.

வள்ளியூர் வாத்தியார்

இதில் எனக்கு உடன்பாடு இல்லை அம்மா. ஏட்டில் கலிநீசன் சரி. ஏடு ஒரு காலத்துக்கு மட்டும் எழுதப்படவில்லை, கலி என்பது ஒரே ஆள் இல்லை. கல்வெட்டு அப்படி இல்லையே. பெயர் போடாமல் "அன்றைய ஆட்சியாளர்கள்" என்று எழுதுவது அரசாங்க அறிக்கை பாணி. இப்போதே பாருங்கள், மேலே ஒருவர் நல்ல மனதோடுதான் கேட்டார், அந்த ராஜாவா இப்படிச் செய்தார் என்று. அவருக்குத் தெரியாமல் போனதற்குக் காரணம் நாம் பெயரைச் சொல்லாமல் விட்டது. கிருதி எழுதியவரின் ஆட்கள்தான் அய்யாவைப் பிடித்து அடைத்ததும். இரண்டும் ஒரே ஆள் என்று தெரிந்துகொண்டு கிருதியைக் கேட்கட்டும், யாரும் காதைப் பொத்தச் சொல்லவில்லை.

கீர்த்தனைப்பிரியை

வாத்தியார் ஐயா, கேட்டது நான்தான். இனி அந்தக் கிருதிகளைக் கேட்கும்போது இதுவும் ஞாபகம் வரும், என்ன செய்ய. பெயர் எழுதலாம் என்றுதான் எனக்கும் தோன்றுகிறது. திட்டாமல் எழுதுங்கள். ஆட்சிக்காலம் 1829 முதல் 1846 வரை என்று போட்டாலே போதும்.

கோட்டாற்று மருமகள்

சரி, பெயரைப் போடுங்கள். ஆனால் அய்யா பெயரைவிடச் சின்ன எழுத்தில்.

தோரணம்

அய்யாவழி தனி மதமா, இந்து மதத்துக்குள்ளா என்பதையும் சுவரில் தெளிவாகப் போட்டுவிடுங்கள். ஆளாளுக்கு உரிமை கொண்டாடுகிறார்கள், அதைப் பற்றியும் பேச வேண்டும்...

நெறியாளர்

அதற்குத் தனி இழை இருக்கிறது, இருநூறு பக்கம் தாண்டி ஓடுகிறது. இங்கே வேண்டாம். தோரணம் அவர்களின் அடுத்த இரண்டு பதிவுகளும் அதற்குப் பனங்காட்டு நரி கொடுத்த பதில்களும் அங்கே மாற்றப்பட்டன.

தெற்குவாசல்

நேற்று ராத்திரி கமிட்டி கூடியது. சுதைச் சிற்பம் இல்லை என்று முடிவாகிவிட்டது. புலிக்கு உண்டியல் வரும் என்று நரியார் எழுதியதை வாசித்தபோது எதிர்க்கட்சிக்காரர்களே சிரித்துவிட்டார்கள். கல்லில் எழுத நான் போட்டிருக்கும் வரைவு இது, திருத்துங்கள்:

"முடிசூடும் பெருமாள் என்று பெயர் வைக்கப்பட்டு, அப்பெயர் மறுக்கப்பட்டு, முத்துக்குட்டி என்று அழைக்கப்பட்டவர், 1833 மாசி 20இல் திருச்செந்தூர்க் கடலிலிருந்து வைகுண்டராக வந்தார். தலைப்பாகை கட்டவும், ஒரே கிணற்றில் நீர் எடுக்கவும், ஒரே பந்தியில் உண்ணவும் மக்களைக் கூட்டினார். அதற்காக 1838இல் திருவிதாங்கூர் அரசர் சுவாதித் திருநாளின் ஆட்கள் அவரைப் பிடித்து, சுசீந்திரம் வழியாகத் திருவனந்தபுரம் கொண்டுபோய்ச் சிங்காரத்தோப்பில் அடைத்தார்கள். நீற்றறையும் புலிக்கூண்டும் அவரை ஒன்றும் செய்யவில்லை என்று அகிலத்திரட்டு அம்மானை கூறுகிறது. தன் சாதியாரோடு மட்டும் இருப்பேன் என்று எழுதிக்கொடுக்கச் சொன்னதை மறுத்து, 1839இல் ஊர் திரும்பினார்."

அன்புக்கொடியான்

நன்றாக இருக்கிறது அண்ணே. "கொண்டுபோய்" என்பதற்கு முன்னால் "மக்களைப் பொறுத்திருக்கச் சொல்லிவிட்டு அவரும் நடந்தார்" என்று ஒரு வரி சேர்த்தால் எங்கள் குறை தீர்ந்தது.

வள்ளியூர் வாத்தியார்

"எழுதிக்கொடுக்கச் சொன்னதை மறுத்து" என்பதுதான் இதில் சிகரம், அதைத் தனி வரியாக விடுங்கள். படிக்கிறவன் கண் அங்கே போய் நிற்க வேண்டும். மற்ற சாதிக்காரரைச் சேர்க்காதே என்பதுதான் ராஜ்யம் கேட்டது. அதைக் கொடுத்திருந்தால் அவர் ஒரு சாதிச் சாமியாராகச் சுகமாக இருந்திருப்பார். கல்வெட்டைத் திறக்கும் விழாவுக்கு அழைப்பிதழ் அடிக்கும்போது கமிட்டிக்காரர்கள் இந்த வரியை ஒரு தடவை வாசித்துக்கொண்டால் நல்லது. இப்போதைக்கு இவ்வளவுதான் சொல்வேன்.

சுவடிப்பித்தன்

கொல்லம் ஆண்டை முதலில் போடுங்கள், ஆங்கில ஆண்டு அடைப்புக்குள். அன்றைக்கு யாரும் 1833 என்று எண்ணவில்லை. கணக்கு இப்படி: நம் பக்கம் கொல்லம் ஆண்டு ஆவணியில் பிறக்கும். ஆவணி முதல் டிசம்பர் முடிய 824 கூட்ட வேண்டும், ஜனவரிக்கு மேல் 825. மாசி 1008 என்றால் 1833. கைது 1014ஆம் ஆண்டின் முற்பகுதி, ஆகவே 1838. விடுதலை அதே 1014இல்தான், ஆனால் ஜனவரி தாண்டிவிட்டதால் 1839. இது தெரியாமல் ஒரே கொல்லம் ஆண்டுக்கு எங்கும் ஒரே ஆங்கில ஆண்டைப் போட்டு, கைதும் விடுதலையும் ஒரே வருடத்தில் என்று அச்சடித்த துண்டுப் பிரசுரங்கள் ஏராளம். தாளில் தவறினால் கிழித்துப் போடலாம், கருங்கல்லில் தவறினால் நூறு வருடம் நிற்கும்.

பனங்காட்டு நரி

ஓலையில் கடைசி ஏடு பார்த்தீர்களா அண்ணாச்சி? படி எடுத்தவர் பெயர் இருந்ததா, இல்லையா? இத்தனை பேரும் அதற்குத்தானே காத்திருக்கிறோம்.

தெற்குவாசல்

பார்த்தோம். அகிலக் கட்டில் கடைசி ஓலை பாதி இல்லை, பூச்சி அரித்த பக்கம்தான் போயிருக்கிறது. மிச்சத்தில் ஊர்ப்பெயர் முழுசாகத் தெரிகிறது, எங்கள் ஊர்தான். ஆள் பெயரில் முதல் இரண்டெழுத்து மட்டும் நிற்கிறது. ஆண்டு "ஆயிரத்து" என்பதோடு அறுந்துவிட்டது. அருள்நூல் கட்டை இன்னும் அவிழ்க்கவில்லை. ஏடு வாசிக்கிற பெரியவர், தான் கூட இருந்தால்தான் அவிழ்க்க வேண்டும் என்கிறார். ஞாயிற்றுக்கிழமை உச்சிப்படிப்பு (நண்பகல் வழிபாடு) முடிந்ததும் உட்காரலாம் என்று சொல்லியிருக்கிறார்.

சுவடிப்பித்தன்

அந்த அறுந்த ஓலையைத் தனியாகத் தாளில் வைத்து, இரண்டு பக்கமும் பக்கவாட்டு வெளிச்சத்தில் எடுத்து எனக்கு அனுப்புங்கள். பெட்டியின் அடியில் கிடக்கிற தூளையும் துண்டுகளையும் கூட்டிக் கொட்டிவிட வேண்டாம். இரண்டெழுத்துப் பெயரின் மீதி அதில் கிடக்கலாம்.